கோர்ட்டுக்குப் போகாம கேஸ் நடத்துறது எப்படி?

கேள்விப்பட்டேன் மாப்ள. பைனான்ஸ்காரரு போட்ட கடன் கேஸுல கோர்ட் அமீனா சம்மனோட வந்து நின்னப்ப, வாங்க மாட்டேன்னு சொல்லி அந்த மனுசனை உச்சி வெயில்ல திருப்பி அனுப்பிட்டியாமே. டீக்கடையில ஒரே பேச்சு. 'கையெழுத்துப் போட்டாத்தானய்யா கேஸு, போடலேன்னா எவன் என்ன பண்ணிருவான்'னு நீ கேட்டதையும் சொன்னாங்க. நம்ம வம்சத்துல இப்படி ஒரு சட்ட மேதை பொறப்பான்னு உங்க தாத்தன் கனவுலகூட நினைச்சிருக்க மாட்டாரு. அவரு பாவம், கடுதாசின்னு வந்தா வாங்கிப் படிக்கச் சொல்லிக் கேட்டுத் தொலைப்பாரு.

உக்காரு. உன் வீரத்தை இன்னுங் கொஞ்சம் தீட்டி விடுறேன். உன் மாமன் சோலி இல்லாத நாள்ல முன்சீப் கோர்ட்டுல பின்பெஞ்சுல போய் உக்காந்திருக்கிறவன். டிக்கெட் கிடையாது, ஏன் வந்தேன்னு யாரும் கேக்க மாட்டாங்க, ஃபேனும் ஓடும். டிவி சீரியல்ல காட்டாததெல்லாம் அங்க காட்டுவாங்க. உன்னை மாதிரி சூரனுங்க கதை அங்க தினத்துக்கும் ரெண்டு மூணு ஓடும். ஆனா அந்தக் கதையில கதாநாயகன் மட்டும் மேடைக்கு வரவே மாட்டான், அதான் விசேஷம்.

அமீனா திரும்பிப் போய் என்ன பண்ணியிருப்பாருன்னு நினைக்கிற? அழுதுக்கிட்டா போனாரு? சம்மனோட முதுகுல, 'பிரதிவாதியை நேரில் கண்டு கொடுத்தேன், வாங்க மறுத்துவிட்டார்'னு எழுதி, தேதி, நேரம், பக்கத்துல நின்னவன் பேரு எல்லாம் போட்டு கோர்ட்டுல சேத்திருப்பாரு. போறதுக்கு முன்னாடி உன் வாசக்கதவுல ஒரு நகலை ஒட்டிட்டுப் போயிருக்காரு பாரு, உம்மவன் அதுல மீசை வரைஞ்சு வச்சிருக்கான். 1908-ம் வருசத்து சிவில் நடைமுறைச் சட்டத்துல அஞ்சாவது கட்டளைன்னு ஒண்ணு இருக்கு. அது முழுக்க உன்னையும் உன் கூட்டாளிகளையும் மனசுல வச்சே எழுதுன மாதிரி இருக்கும். வாங்க மறுத்தான்னு குறிப்பு வந்தா, முறைப்படி சேர்ப்பிக்கப்பட்டதுன்னு கோர்ட்டே அறிவிச்சிரலாம். ஆக, நீ வாங்கினவன் கணக்குலயும் சேந்துட்ட, படிக்காதவன் கணக்குலயும் சேந்துட்ட. வாங்கியிருந்தா வாய்தா தேதியாவது தெரிஞ்சிருக்கும்.

சரி, வேற வித்தைகளும் இருக்கு, ஒண்ணொண்ணா கேளு, எதையும் விட்டுறக் கூடாது.

'வீட்ல இல்லேன்னு பொண்டாட்டியை விட்டுச் சொல்லச் சொல்லியிருக்கலாமே'ன்னு நினைப்ப. நல்ல ரோசனை. ஆனா ஆளு இப்போதைக்கு அகப்பட மாட்டான்னு அமீனாவுக்குத் தோணுனா, கூடக் குடியிருக்கிற, வயசுக்கு வந்த குடும்பத்து ஆள் யார்கிட்டயும் கொடுத்துட்டுப் போயிரலாம். முந்தியெல்லாம் வீட்டு ஆம்பளைகிட்ட மட்டுந்தான் கொடுக்கலாம்னு இருந்துச்சு. 1976-ல திருத்தம் போட்டு, பொம்பளைங்ககிட்டயும் கொடுக்கலாம்னு ஆக்கிட்டாங்க. வேலைக்காரன் கையில கொடுத்தா மட்டும் செல்லாது. நீ ஒரு வேலைக்காரனை வச்சு, அவனை மட்டும் வீட்ல விட்டுட்டு, குடும்பத்தோட கொடைக்கானல் போயிரு. வாங்குன கடன் அதுக்கே சரியாப் போயிரும்.

தபால்ல வந்தா? தபால்காரரை உனக்குத் தெரியும், ரெண்டு டீ வாங்கிக் கொடுத்து 'ஆள் இல்லை'ன்னு எழுதி அனுப்பச் சொல்லலாம்னு பாப்ப. ஒரு தடவை எழுதுவாரு, ரெண்டு தடவை எழுதுவாரு. அதுக்குள்ள எதிராளி வக்கீல் ஒரு மனு போடுவாரு, 'இந்தாளு வேணும்னே ஒளியுறான், மாற்று வழியில சேர்ப்பிக்க அனுமதி வேணும்'னு. கோர்ட் சரின்னுருச்சுன்னா, கோர்ட் தகவல் பலகையில ஒட்டுவாங்க, உன் வீட்ல எல்லார் கண்ணுலயும் படுற எடத்துல ஒட்டுவாங்க, இல்லேன்னா நம்ம பக்கம் ஓடுற தினசரிப் பேப்பர்ல விளம்பரம் போடுவாங்க. டெண்டர் விளம்பரத்துக்கும் காணவில்லை விளம்பரத்துக்கும் நடுவுல, எறும்பு எழுத்துல, 'இன்ன ஊர், இன்னார் மகன் இன்னார், இன்ன தேதி காலை பத்தரை மணிக்கு ஆஜராகத் தவறினால்...'னு. நீ அந்தப் பேப்பரைப் படிச்சியா, வடை மடிச்சுத் தின்னியாங்கிறதெல்லாம் கோர்ட்டுக்கு அநாவசியம். கையில கொடுத்ததுக்கு என்ன மதிப்போ அதே மதிப்பு அதுக்கும். பேப்பர்ல பேரு வரணும்னு சின்ன வயசுல ஆசைப்பட்டவன்தானே நீ, வந்துருச்சு பாரு.

இனி அந்த நாள். நான் பின்பெஞ்சுல உக்காந்திருக்கேன்னு வச்சுக்க. டவாலி வராந்தாவுல நின்னு உன் பேரை, உங்கப்பன் பேரோட சேத்து, மூணு தடவை கூப்பிடுவாரு. நல்ல கணீர்க் குரல். வேப்பமரத்துல இருக்கிற காக்கா பறந்துபோகும். நீ மட்டும் வரமாட்ட. வக்கீலும் இல்ல, வக்காலத்தும் இல்ல. ஜட்ஜ் ஐயா தலையைக்கூட நிமித்தாம 'எக்ஸ்பார்ட்டி'ன்னு ஒரு வார்த்தை சொல்லுவாரு. பெஞ்ச் கிளார்க் எழுதிக்குவாரு. அடுத்த கேஸைக் கூப்பிட்டுருவாங்க. ஒரு பீடி பத்த வைக்கிற நேரங்கூட ஆகாது. உன் ரெண்டு லட்ச ரூவா கேஸு இனி நீ இல்லாமலே ஓடும்.

அதுக்கப்புறம் நடக்கிறதுதான் எனக்குப் பிடிச்ச காட்சி. பைனான்ஸ்காரரு வெள்ளை வேட்டி சட்டையில கூண்டேறுவாரு. நிரூபண வாக்குமூலம்னு தட்டச்சு அடிச்சுத் தயாரா வச்சிருப்பாரு. நீ எழுதிக் கொடுத்த புரோநோட்டை முதல் சான்றாவணமா குறியிடுவாங்க. 'பிரதிவாதி ரெண்டு லட்சம் வாங்கினார், பலமுறை கேட்டும் தரவில்லை'ம்பாரு. குறுக்கு விசாரணை? யாரு பண்றது? நீதான் டீக்கடையில சட்டம் பேசிக்கிட்டு இருக்கியே.

இப்ப நான் ஒண்ணு கேக்கிறேன், உண்மையைச் சொல்லு. அந்த ரெண்டு லட்சத்துல ஒண்ணே கால் லட்சம் நீ ஜிபேயில திருப்பிக் கட்டிட்ட இல்ல? புரோநோட்டு முதுகுல வரவு எழுதச் சொன்னியா? சொல்லலை. மொய் நோட்டுல எழுதாம தட்டுல போட்ட காசு மாதிரி அது போயிருச்சு. கட்டுனது உனக்குத் தெரியும், வாங்குனது அவருக்குத் தெரியும், நடுவுல இருக்கிற ஜட்ஜுக்கு எப்படித் தெரியும்? உன் போன்ல இருக்கிற அந்த ரசீதைக் காட்ட இந்த உலகத்துல ஒரே ஆளாலதான் முடியும். அந்த ஆளு கோர்ட் பக்கமே வராம வீரம் காட்டுறான். வட்டின்னு உன்கிட்ட என்ன வாங்குனாருன்னும் எனக்குத் தெரியும். தமிழ்நாட்டுல கந்து வட்டியைத் தடுக்க 2003-லயே சட்டம் வந்தாச்சு. அதை எடுத்துச் சொல்லியிருக்கலாம். நீ கையெழுத்துப் போடும்போது தொகை எழுதுற எடம் வெத்தா இருந்துச்சுன்னும் சொல்லியிருக்கலாம். அது அத்தனை சுலுவா எடுபடாது, வெத்து நோட்டுல கையெழுத்துப் போட்டுக் கொடுத்தா நிரப்பிக்கன்னு நீயே அனுமதி கொடுத்த மாதிரின்னு சட்டம் சொல்லுது, ஆனாலும் சொல்லிப் பாக்கவாவது வழி இருந்துச்சு. சொல்லாத பதிலை யாரும் எடைபோட முடியாதுல்ல.

இந்த எடத்துல கோர்ட்டையும் தப்பாப் பேசிறக் கூடாது. ஆளு வரலேங்கிறதுக்காக வாதி சொன்னதை அப்படியே காப்பியடிச்சுத் தீர்ப்பு எழுதக் கூடாது, ஆதாரம் பாத்துத்தான் எழுதணும்னு 1999-ல உச்ச நீதிமன்றம் கண்டிச்சுச் சொல்லியிருக்கு. கேஸ் காலாவதி ஆயிருச்சான்னு, நீ சொல்லாட்டியும் கோர்ட்டே பாக்கணும். புரோநோட்டுக்கு மூணு வருசம். உன் நோட்டு ரெண்டரை வருசத்துல கோர்ட்டுக்குப் போயிருச்சு. பைனான்ஸ்காரரு காலண்டர் பாக்கிறவரு. சான்றாவணம் சரியா இருக்கு, சாட்சி சரியா இருக்கு, எதிர்த்துப் பேச ஆள் இல்ல. அப்புறம் ஜட்ஜ் உனக்காக ஜிபே ரசீது தேடிக்கிட்டா இருப்பாரு?

'இல்ல மாமா, முதல் வாய்தாவுக்கு ஒரு வக்கீலை விட்டு வக்காலத்து மட்டும் போட்டுட்டு, அப்புறம் இழுக்கலாம்'னு ஒரு கட்சி இருக்கு. நம்ம ஊர்ல அந்தக் கட்சிக்குத்தான் உறுப்பினர் ஜாஸ்தி. எதிருரை தாக்கல் பண்ண சம்மன் கிடைச்ச நாள்ல இருந்து முப்பது நாள். கோர்ட் காரணம் எழுதி நீட்டிச்சா தொண்ணூறு நாள். அதுக்கும் மேல கொடுக்கலாமான்னு பெரிய சண்டையே நடந்து, சேலம் வக்கீல் சங்கம் போட்ட வழக்குல 2005-ல உச்ச நீதிமன்றம், ரொம்ப அபூர்வமான காரணம் இருந்தா பாத்துக்கலாம்னு கொஞ்சம் இளக்கி விட்டுச்சு. அந்த இளக்கத்துலதான் பாதிப் பேர் பொழப்பு ஓடுது. ஆனா எல்லாக் கோர்ட்டும் அப்படி இல்ல. வணிக நீதிமன்றத்துல நூத்திருபது நாளோட கதவை அடைச்சுருவாங்க. நுகர்வோர் ஆணையத்துல முப்பதும் பதினஞ்சும் நாப்பத்தஞ்சு, அதுக்கு மேல ஒரு நாள்கூடக் கொடுக்க அதிகாரமில்லேன்னு 2020-ல அஞ்சு நீதிபதிகள் உக்காந்து சொல்லிட்டாங்க. இதே புரோநோட்டைச் சுருக்கு விசாரணைக்குப் போட்டிருந்தா, ஆஜராகவே பத்தே நாள்தான், வரலேன்னா வாதி சொன்னதெல்லாம் ஒத்துக்கிட்டதா எடுத்துக்குவாங்க. நம்ம பைனான்ஸ்காரரு ஏனோ அந்தப் பக்கம் போகலை. உன் மேல என்ன பிரியமோ.

டிக்ரி ஆயிருச்சுன்னு வச்சுக்க. அசலு, வட்டி, அவரு கட்டுன கோர்ட் கட்டணம், வழக்குச் செலவுக் கணக்குல வக்கீல் ஃபீஸு, எல்லாம் உன் தலையில. டிக்ரிக்குப் பெறகு ஓடுற வட்டி பொதுவா நூத்துக்கு ஆறுக்குள்ள. வியாபாரத்துக்கு வாங்குன கடன்னா அதுக்கு மேலயும் போகலாம். நீ குட்டியானை வண்டி வாங்கத்தானே வாங்குன? வியாபாரம்தான். சந்தோசப்படு, தொழிலதிபர் ஆயிட்ட.

அப்பயும் ஊர்ல ஒரு சத்தமும் இருக்காது. அதுதான் உன் மாதிரி ஆளுகளை ஏமாத்துறது. 'பாத்தியா மாமா, ஒண்ணும் நடக்கலை'ன்னு வந்து என்கிட்ட சொல்லுவ. நடக்காது மாப்ள. டிக்ரியை நிறைவேத்தச் சொல்லி மனுப் போட அவருக்குப் பன்னண்டு வருசம் இருக்கு. அவரு அதைப் பீரோவுல வச்சுப் பூட்டிட்டு, நீ எடம் வாங்குறியா, வீடு கட்டுறியா, உங்கப்பன் சொத்து உன் பேருக்கு மாறுதான்னு பாத்துக்கிட்டே இருப்பாரு. நீ பட்டா வாங்கிட்டு லட்டு கொடுக்கிற அன்னைக்கு, அவரு ஈ.பி.ங்கிற அந்த நிறைவேற்று மனுவைப் போட்டுட்டு வருவாரு. டிக்ரி ஆகி ரெண்டு வருசம் தாண்டிப் போட்டா உனக்கு மறுபடி நோட்டீஸ் வரும். அதையும் வாங்காத, சரியா? ஆரம்பிச்ச கொள்கையை நடுவுல விடக் கூடாது.

ஜப்தின்னா என்னன்னு தெரியுமா? அசையாச் சொத்தை ஜப்தி பண்ணும்போது அதை அந்த எடத்துல தமுக்கு அடிச்சோ, ஊர் வழக்கப்படி வேற மாதிரியோ அறிவிக்கணும்னு சட்டத்துலயே எழுதியிருக்கு. தண்டோரா போடுறதை 2022-ல தமிழ்நாடு அரசு நிறுத்தச் சொல்லிருச்சு, அதனால ஒலிபெருக்கியிலயோ ஆள் விட்டோ சொல்லிக்குவாங்க. உன் கல்யாணத்துக்கே மைக்செட் சரியா கேக்கலை. இது நல்லாக் கேக்கும். அப்புறம் ஏலம். எடுக்கிறவன் அந்த எடத்துலயே நாலுல ஒரு பங்கு கட்டணும், மிச்சத்தைப் பதினஞ்சு நாளுக்குள்ள. கோர்ட் ஏலத்துல நம்ம நிலம் சந்தை விலைக்குப் போகும்னு மட்டும் நினைச்சிராத. வில்லங்கம் இருக்குமோன்னு பாதிப் பேர் ஒதுங்கிக்குவான், மீதிப் பேர் பேசி வச்சுக்குவான். ஏலம் போன பெறகும் அறுபது நாளுக்குள்ள டிக்ரித் தொகையோட, ஏலம் எடுத்தவனுக்கு நூத்துக்கு அஞ்சு சேத்துக் கட்டினா திருப்பிக்கலாம். அதுக்கும் கோர்ட்டுக்குத்தான் போகணும். உனக்குத்தான் அந்தப் படி ஆகாதே.

எதையெல்லாம் தொட மாட்டாங்கன்னும் சொல்லிடுறேன், மனசு ஆறும். உடுத்துற துணி, சமைக்கிற பாத்திரம், படுக்கிற பாய், தாலி மாதிரி சாத்திரப்படி கழட்டக் கூடாத நகை, விவசாயியா இருந்தா பொழைப்புக்கு வேண்டிய ஏர், மாடு, விதை தானியம், அவன் குடியிருக்கிற வீடு. நீ எப்ப மாப்ள ஏர் புடிச்ச? 'நானும் விவசாயிதான்'னு சொல்லலாம்னு பாக்குற, உன் உள்ளங்கையைக் காட்டு பாப்போம். சம்பளக்காரனா இருந்தா முதல் ஆயிரமும், மிச்சத்துல மூணுல ரெண்டு பங்கும் அவனுக்கு, மீதி ஜப்திக்கு. நீ சம்பளக்காரன் இல்ல, உன் வண்டிக்குத்தான் ஜப்திக் கவலை.

சிவில் ஜெயிலும் இருக்கு. இதை மெதுவாத்தான் சொல்லணும். பணம் இருந்தும் கொடுக்காம ஏமாத்துறவனுக்குத்தான் அது, உண்மையிலேயே வக்கில்லாதவனைப் புடிச்சு உள்ள போடக் கூடாதுன்னு 1980-லயே உச்ச நீதிமன்றம் சொல்லிருச்சு. அதனால முன்னாடி நோட்டீஸ் கொடுத்து, 'ஏன் உன்னைச் சிறையில் வைக்கக் கூடாது'ன்னு கேப்பாங்க. கேக்கும்போது போய் நிலைமையைச் சொன்னவன் தப்பிச்சிருவான். நீ போகமாட்ட. போகலேன்னா வாரண்டு. உள்ள வச்சா மூணு மாசம் வரைக்கும் வைக்கலாம். அங்க உன் சாப்பாட்டுக்கான பேட்டாவைக் கடன் கொடுத்தவர்தான் மாசாமாசம் முன்பணமாக் கட்டணும். பாத்தியா, வாயைத் திறந்து சிரிக்கிற! சிரிச்சு முடி. அந்தச் சோத்துச் செலவும் வழக்குச் செலவுல சேந்து உன் கணக்குலதான் ஏறும். வெளிய வந்தாலும் கடன் தீராது, அப்படியேதான் நிக்கும். பணக்கடன் டிக்ரிக்காகப் பொம்பளைங்களைக் கைது பண்ண முடியாது, அதனால என் மருமகளுக்குப் பயமில்ல. உன்னைப் பத்தி அவ என்ன நினைப்பாங்கிறதுக்குச் சட்டத்துல பாதுகாப்பு இல்ல.

பணக் கேஸுன்னா பணத்தோட போகுது. நிலத்துக் கேஸுல இந்த வீரம் காட்டுனவன் கதையைக் கேக்கிறியா? நிலத்தை விக்கிறேன்னு கிரைய ஒப்பந்தம் போட்டு அட்வான்ஸ் வாங்குனான் ஒருத்தன். அப்புறம் விலை ஏறிருச்சு. கிரையம் பண்ணிக் கொடுக்க மாட்டேன்னான். வாங்குறவன் கேஸ் போட்டான். இவன் உன் குருகுலம்தான், 'நான் கையெழுத்துப் போடாம எவன் பேருக்கு நிலம் மாறும்'னு மீசையைத் தடவிக்கிட்டு இருந்தான். எக்ஸ்பார்ட்டி டிக்ரி ஆச்சு. நிறைவேற்று மனு போட்டாங்க. கிரையப் பத்திரத்து நகலை அவனுக்கே அனுப்பி ஆட்சேபம் இருந்தா சொல்லுன்னு கேட்டாங்க. அதையும் வாங்கலை. அப்புறம் கோர்ட்டே அவன் சார்புல கிரையம் எழுதிக் கையெழுத்துப் போட்டு, சார்பதிவாளர் ஆபீஸ்ல பதிஞ்சு கொடுத்துருச்சு. அவன் கை ஒரு மையையும் தொடலை, நிலம் மட்டும் போயிருச்சு. வில்லங்கச் சான்று போட்டுப் பாத்த அன்னைக்குத்தான் அவனுக்கு மூச்சு முட்டுச்சு. அந்த ஒப்பந்தத்துல கெடு தாண்டியிருந்துச்சு, வாங்குறவன்கிட்ட அப்ப பணமும் தயாரா இல்லேன்னு ஊருக்கே தெரியும். ஊருக்குத் தெரிஞ்சு என்ன பண்ண? போய்ச் சொல்லணும்ல.

உங்க சித்தப்பன் வீட்டுப் பாகப்பிரிவினை கேஸும் அந்த ரகந்தான். தங்கச்சி பங்கு கேட்டுச் சம்மன் அனுப்புனா, அண்ணன்காரனுக்கு அது மானப் பிரச்னை. 'பொறந்த வீட்டுக்கு எதிரா கேஸா'ன்னு சம்மனைக் கிழிச்சுப் போட்டான். முதல் நிலைத் தீர்ப்பாணை அவன் இல்லாமலே ஆச்சு. பங்கு எத்தனைன்னு முடிவானது அதுலதான். கடைசியில வக்கீல் கமிஷனரும் சர்வேயரும் சங்கிலியோட வரப்புல வந்து நின்னப்ப, பங்கு தப்புன்னு கத்துனான். முதல் தீர்ப்பு மேல அப்பீல் போடாதவன் பெறகு அதைத் தப்புன்னு கிளப்ப முடியாது. இனி அளக்கிறது மட்டுந்தான் பாக்கின்னுட்டாங்க. அந்தத் தங்கச்சி கேட்டது நியாயம்தான், அதுல எனக்குச் சந்தேகம் இல்ல. ஆனா கிணறு வெட்டுன செலவு அவனோடது, அதைச் சொல்ல வேண்டிய நாள்ல அவன் கோவத்துல இருந்தான்.

செக் கேஸு, ஜீவனாம்சக் கேஸுல இந்தச் சூரத்தனமே வேண்டாம். செக் திரும்புனா நோட்டீஸ் வரும், கிடைச்சதுல இருந்து பதினஞ்சு நாளுக்குள்ள கட்டிட்டா அதோட முடிஞ்சது. கட்டாம, கோர்ட் கூப்பிட்டும் போகலேன்னா பிடிவாரண்டு. அது போலீஸ் ஸ்டேசன் வழியா வரும், அமீனா மாதிரி 'ஐயா'ன்னு கூப்பிட மாட்டாங்க. பொண்டாட்டி ஜீவனாம்சம் கேட்டு, புருசன் வேணும்னே சம்மனைத் தட்டிக் கழிச்சான்னா அவன் இல்லாமலே உத்தரவு போடலாம். அதை மாத்தணும்னா மூணு மாசத்துக்குள்ள போய்க் கேக்கணும். கொடுக்கலேன்னா ஒவ்வொரு மாசப் பாக்கிக்கும் ஒரு மாசம் வரைக்கும் உள்ள இருக்கணும்.

சரி, முகத்தைத் தொங்கப் போடாத. திரும்பி வர வழி இருக்கு. அதுலயும் ஒரு வேடிக்கை இருக்கு, அதைச் சொல்லாம விட்டா என் நாக்கு அரிக்கும்.

எக்ஸ்பார்ட்டின்னு சொல்லி இன்னும் டிக்ரி ஆகலேன்னா, அடுத்த வாய்தாவுலயே போய், வராததுக்கு நல்ல காரணம் சொல்லி, என்னையும் சேத்துக்கங்கன்னு மனுப் போடலாம். அதுகூட வேண்டாம்னா, அன்னைக்கு எந்தக் கட்டத்துல கேஸ் இருக்கோ அந்தக் கட்டத்துல இருந்து நீ உள்ள வந்து கலந்துக்கலாம், போனது போனதுதான்னு 1955-லயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கு. டிக்ரி ஆயிருச்சுன்னா ஒன்பதாவது கட்டளை பதிமூணாவது விதி. முப்பது நாளுக்குள்ள மனுப் போடணும். சம்மன் சரியா வந்து சேரலை, இல்லேன்னா வரமுடியாதபடி தக்க காரணம் இருந்துச்சு, இந்த ரெண்டுல ஒண்ணை நிரூபிக்கணும். சம்மனே வரலேன்னா, டிக்ரி ஆன விசயம் தெரிஞ்ச நாள்ல இருந்து முப்பது நாள். 'அமீனா ஒழுங்கா ஒட்டலை, பசை சரியில்ல'ன்னு ஆரம்பிக்காத. வாய்தா தேதி உனக்கு முன்னமே தெரியும், வரவும் நேரம் இருந்துச்சுன்னு கோர்ட்டுக்குப் பட்டா, சம்மன் சேர்ப்பிச்சதுல உள்ள சின்னக் கோளாறை வச்சு டிக்ரியை ரத்து பண்ண முடியாது. நீயோ சம்மன் வந்ததை டீக்கடையில மைக் இல்லாம பேசிட்ட.

முப்பது நாளும் தாண்டிப் போனவங்க, தாமதத்தை மன்னிக்கணும்னு ஒரு மனு சேத்துப் போடுவாங்க. அதைப் படிக்கக் கேட்டா நம்ம ஜில்லாவுல எல்லாருக்கும் மஞ்சக்காமாலைதான்னு நினைப்ப. 'மனுதாரருக்கு மஞ்சள் காமாலை ஏற்பட்டு, நாட்டு வைத்தியம் பார்த்து, படுத்த படுக்கையாக இருந்தபடியால்...' டைப் அடிக்கிற பையனுக்கு மனப்பாடம். கீழாநெல்லி தின்ன ஆளு அந்த மாசம் ஜல்லிக்கட்டுல மாடு புடிச்ச போட்டோவை எதிர்க்கட்சி வக்கீல் எடுத்து நீட்டுவாரு. பின்பெஞ்சுல உக்காந்து நான் வேட்டியால வாயைப் பொத்திக்குவேன். உண்மையான காரணம் இருந்தா உண்மையான சீட்டோட போகணும். ஆஸ்பத்திரி சீட்டு, தேதியோட. கோர்ட் ஏத்துக்கிட்டாலும் சும்மா ஏத்துக்காது. எதிராளிக்குச் செலவுத் தொகை கொடு, டிக்ரித் தொகையில கொஞ்சம் கட்டுன்னு நிபந்தனை போட வழியிருக்கு. நிபந்தனைத் தேதியை விட்டுட்டா மறுபடி பழைய எடத்துக்கே. டிக்ரியை ரத்து பண்ணக் கேட்ட மனு தள்ளுபடியானா அப்பீல் உண்டு, டிக்ரி மேலயே நேரா அப்பீலும் உண்டு. ஆனா அப்பீல் போட்டு அது தீர்ந்துருச்சுன்னா, பெறகு ரத்து மனு கேக்க முடியாது. எது முதல்லன்னு வக்கீல்கிட்டதான் கேக்கணும், மாமன்கிட்ட இல்ல.

வக்கீலுக்குக் காசில்லேன்னு ஒரு சாக்கு சொல்லப்போற, அதுக்கும் வழி சொல்லிடுறேன். கோர்ட் வளாகத்துலயே வட்ட சட்டப் பணிகள் குழு இருக்கு. பொம்பளைங்க, எஸ்.சி., எஸ்.டி. ஆளுங்க, தொழிலாளிங்க இவங்களுக்கெல்லாம் வருமானம் எவ்வளவுன்னு பாக்காம இலவச வக்கீல் தருவாங்க. வருமானம் குறைஞ்ச மத்தவங்களும் கேக்கலாம். 15100-க்குப் போன் அடிச்சாலும் வழி சொல்லுவாங்க. வக்கீலே இல்லாம நீயே கூண்டுக்குப் போய் 'ஐயா, பணம் கட்டியிருக்கேன், ரசீது இருக்கு, எதிருரை போடத் தேதி கொடுங்க'ன்னு சொன்னாக்கூட ஜட்ஜ் காது கொடுத்துக் கேப்பாரு. வழக்கு எந்த நிலையில இருக்குன்னு ஈ-கோர்ட்ஸ் ஆப்ல பதினாறு எழுத்து சி.என்.ஆர். எண்ணைப் போட்டா உன் போன்லயே தெரியும். ரீல்ஸ் பாக்கிற நேரத்துல ஒரு தடவை பாரு.

கதவுல ஒட்டியிருந்த தாளை உம்மவன் மீசை வரைஞ்சது போக நான் படிச்சுட்டேன். வாய்தா வர்ற செவ்வாக்கிழமை. எக்ஸ்பார்ட்டி ஆகலை, இன்னும் நேரம் இருக்கு. காலையில எட்டே கால் டவுன் பஸ், நான் ஏறுவேன், நீயும் ஏறு. ஜிபேயில கட்டுன கணக்கை பேங்க்ல ஸ்டேட்மெண்ட்டா வாங்கி முத்திரை போட்டுக் கொண்டா, போன்ல காட்டுறேன்னு நிக்காத. பைனான்ஸ்காரரு கணக்கை முடிச்சுக்கலாம்னு வந்தா லோக் அதாலத்துல பேசி முடி. ஆனா அங்க முடிச்சா மேல அப்பீல் கிடையாது, தொகையை நல்லாப் பாத்துக் கையெழுத்துப் போடு.

அப்புறம் இன்னொரு விசயம். வண்டிக்கு டயர் மாத்த என்கிட்ட வாங்குனியே அஞ்சாயிரம், அதுக்கு நான் கேஸெல்லாம் போடப்போறதில்ல. அமீனா, சம்மன் ஒண்ணும் வராது. நேரா எந்தங்கச்சிகிட்ட சொல்லுவேன். உங்கம்மாகிட்ட நீ முப்பது நாள் அவகாசம் கேட்டுப் பாரேன்.